ஆறு வருடம் சந்தா கட்டினோம், பழைய ஜர்னல்கள் எங்கே?

வண்ணை நூலகர்

எல்லோருக்கும் வணக்கம். பழைய வண்ணாரப்பேட்டைப் பக்கம் அரசு உதவி பெறும் கல்லூரி ஒன்றில் நூலகராக இருக்கிறேன். சேர்ந்து இரண்டு வருடம் ஆகிறது. விஷயம் கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு முன்னால் இருந்தவர் காலத்தில், 2018 முதல் 2023 வரை, ஒரு வெளிநாட்டுப் பதிப்பகத்தின் மின்னிதழ்த் தொகுப்புக்கு முகவர் வழியாகச் சந்தா கட்டியிருக்கிறார்கள். நிதி நின்றதும் 2024இல் சந்தாவையும் நிறுத்திவிட்டார்கள். போன வாரம் வேதியியல் துறைத்தலைவர் 2019இல் வந்த ஒரு கட்டுரையைத் திறக்கப் போனார். விலை கொடுத்து வாங்கச் சொல்லித் திரை வந்திருக்கிறது. மனிதர் நேராக முதல்வர் அறைக்குப் போய்விட்டார்.

முதல்வர் என்னைக் கூப்பிட்டுக் கேட்டது இதுதான்: "ஏம்மா, புத்தகம் வாங்கினால் அலமாரியில் இருக்கும். கரையான் அரித்தாலும் அட்டையாவது மிஞ்சும். ஆறு வருடம் கட்டின காசுக்கு ஒரு தாள்கூட இல்லையா?" எனக்கு வாய் வரவில்லை. இது போதாதென்று, தணிக்கைக்கு வந்தவர் 'இருப்புப் பதிவேட்டில் எந்த எண்ணில் ஏற்றப்பட்டது?' என்று ஒரு குறிப்பு எழுதிவிட்டுப் போயிருக்கிறார். கையில் பிடிக்க முடியாத ஒன்றுக்கு அக்செஷன் நம்பர் எங்கே ஒட்டுவது?

பழைய வருடங்களைத் திரும்பப் பெற வழி உண்டா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

மூலக்கொத்தளம்

பதறாதீர்கள் அம்மா. நான் ஓய்வு பெற்று ஒன்பது வருடம் ஆகிறது, இந்தக் கேள்வியை வேலையில் இருந்தபோதே இரண்டு முதல்வர்கள் என்னிடம் கேட்டிருக்கிறார்கள்.

நீங்கள் வாங்கியது என்ன என்பதை முதலில் கண்டுபிடிக்க வேண்டும். பல பதிப்பகங்களின் இதழ்களைத் திரட்டித் தரும் தரவுத்தளமா, பதிப்பகமே தந்த தொகுப்பா? திரையில் பார்க்க இரண்டும் ஒன்றுபோலத்தான் இருக்கும். திரட்டுத் தளம் என்றால் அது வாடகை வீடு. சாவியைத் திருப்பிக் கொடுத்த அன்றே கணக்கு முடிந்தது. குடியிருக்கும்போதே அங்கே நிம்மதி கிடையாது: ஒரு பதிப்பகம் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டால் அதன் இதழ்கள் சொல்லாமல் கொள்ளாமல் போய்விடும். சில இதழ்களில் கடைசி ஒரு வருடத்துக் கட்டுரைகள் வராமல் தடை இருக்கும். மாணவர் வந்து "இதழ் இருக்கிறது, கட்டுரை இல்லை" என்பார். நாம் விழிப்போம்.

பதிப்பகத்திடமே வாங்கியது என்றால் பேச்சு வேறு. லைசென்ஸில் 'பர்பெச்சுவல் ஆக்சஸ்' அல்லது 'போஸ்ட் கேன்சலேஷன் ஆக்சஸ்' என்று ஒரு பத்தி இருக்கிறதா பாருங்கள். இருந்தால், சந்தா கட்டிய வருடங்களில் வெளிவந்த இதழ்களைச் சந்தா நின்ற பிறகும் படிக்கலாம். 2018 முதல் 2023 வரை கட்டினீர்கள் என்றால் அந்த ஆறு வருடத்து இதழ்கள். அதற்கு முந்தைய வருடங்களைத் தளத்தில் சும்மா காட்டியிருப்பார்கள், அவை வராது.

இன்னொரு சூட்சுமம் உண்டு. தொகுப்பில் 300 இதழ் இருந்தாலும் உரிமை பல ஒப்பந்தங்களில் முந்நூறு முழுவதற்கும் இருக்காது. அந்தக் காலத்தில் அச்சில் வாங்கிக்கொண்டிருந்த நாலைந்து இதழ்களை அடிப்படையாக வைத்துத்தான் பேக்கேஜ் போடுவார்கள். நிரந்தர உரிமை அந்த நாலைந்துக்கு. மீதி எல்லாம் காய் வாங்கினால் கொசுறாக வரும் கறிவேப்பிலை.

லைசென்ஸ் காகிதத்தைத் தேடுங்கள். முகவர் கொடுத்த இன்வாய்ஸ் வேறு, லைசென்ஸ் வேறு.

தண்டையார்பேட்டை 81

நான் நூலகன் இல்லை, நெட்வொர்க் பார்ப்பவன். ஒன்று சொல்லிக்கொள்கிறேன். உரிமை இருந்தும் கதவு திறக்காமல் இருக்கலாம்.

கல்லூரி வளாகத்துக்குள் பாஸ்வேர்டு இல்லாமல் ஜர்னல் திறக்கிறது என்றால், பதிப்பகம் உங்கள் ஐபி முகவரியைப் பார்த்து உள்ளே விடுகிறது என்று அர்த்தம். 2018இல் கொடுத்த ஐபி இன்றும் அதேதானா? இடையில் பிராட்பேண்ட் கம்பெனி மாறியிருந்தால் ஐபியும் மாறியிருக்கும். பதிப்பகத்தின் கணக்கில் நீங்கள் யாரோ அந்நியர்.

நான் முன்பு வேலை பார்த்த ஒரு கல்லூரியில் இப்படித்தான். விடுமுறையில் லைனை மாற்றினோம், கல்லூரி திறந்தோம், மூன்று வாரம் ஒரு ஜர்னலும் திறக்கவில்லை. வேடிக்கை என்னவென்றால், மூன்று வாரமும் ஒருவர்கூடப் புகார் சொல்லவில்லை. முகவர் ரினியூவலுக்கு வந்து செய்துகாட்டப் போனபோதுதான் தெரிந்தது. நூலகர் முகத்தைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது.

எண்ணூர்ப் பொண்ணு

81 அண்ணா சொன்ன அந்த மூன்று வாரம் எனக்கு ஆச்சரியமே இல்லை. புகார் சொல்ல வேண்டுமென்றால் அப்படி ஒன்று இருப்பது முதலில் தெரிய வேண்டுமே.

நான் எம்எஸ்சி முடித்தவள். கல்லூரி பெயர் வேண்டாம். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் பரவியது நினைவிருக்கும். எங்கள் வீட்டுப் பின்பக்கமே அதுதான், அதனால் அதையே புராஜெக்டாக எடுத்தேன். தேவையான கட்டுரைகளில் பாதி மரைன் பொல்யூஷன் புல்லட்டின் என்ற இதழில். எல்லாம் பூட்டு. கூகுள் ஸ்காலரில் சுருக்கத்தை மட்டும் படித்துவிட்டு இரண்டு மாதம் ஓட்டினேன்.

நான்காம் செமஸ்டரில் ஒரு சீனியர் சொல்லித்தான் எங்கள் கல்லூரிக்கு என்-லிஸ்ட், அதாவது கல்லூரிகளுக்கு மின்னிதழ் தரும் திட்டம், இருப்பதே தெரிந்தது. போய்க் கேட்டால், "உன் பெயர் லிஸ்டில் இருக்கிறதே, லாகின் மெயிலில் வந்திருக்குமே" என்கிறார்கள். வந்திருக்கிறது. அட்மிஷன் ஃபாரத்தில் பிரவுசிங் சென்டர் அண்ணன் போட்டுக்கொடுத்த ஏதோ ஒரு மெயில் ஐடிக்கு வந்திருக்கிறது. அதன் பாஸ்வேர்டு எனக்குத் தெரியாது. அவருக்கும் தெரியாது. ஒன்றரை வருடமாக என் ஜர்னல் எல்லாம் அங்கே போய்க் கிடந்திருக்கிறது.

வண்ணை அக்கா, திட்டுவதற்காகச் சொல்லவில்லை. உங்கள் கல்லூரியில் எத்தனை பேருக்கு லாகின் போயிருக்கிறது என்பதற்குப் பதில் எத்தனை பேர் ஒரு முறையாவது உள்ளே வந்தார்கள் என்று பாருங்கள்.

வண்ணை நூலகர்

எண்ணூர்த் தங்கச்சி, படித்த உடனே எங்கள் பட்டியலைத் திறந்து பார்த்தேன். எண்ணைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. அதையும் சரிசெய்யப் போகிறேன்.

மூலக்கொத்தளம் ஐயா, லைசென்ஸ் கிடைக்கவில்லை. இன்வாய்ஸ் ஆறும் இருக்கின்றன. முகவரின் அந்தக் காலத்து ஆள் வேலையை விட்டுப் போய்விட்டாராம்.

மூலக்கொத்தளம்

இன்வாய்ஸில் பதிப்பகம் கொடுத்த வாடிக்கையாளர் எண் இருக்கும். அதைப் போட்டுப் பதிப்பகத்துக்கே நேராக எழுதுங்கள். முகவரைச் சுற்றாதீர்கள். "இந்த எண்ணுக்கு எந்தெந்த இதழில், எந்த வருடம் முதல் எந்த வருடம் வரை சந்தா நின்றபின் உரிமை இருக்கிறது?" என்று இதழ்வாரியாகப் பட்டியல் கேளுங்கள். கேபார்ட் என்று ஒரு வடிவம் இருக்கிறது: ஒவ்வொரு இதழுக்கும் ஐஎஸ்எஸ்என் என்ற அடையாள எண் (அச்சுக்கு ஒன்று, மின் வடிவத்துக்கு ஒன்று), முதல் இதழின் தேதி, கடைசி இதழின் தேதி, சுட்டி எல்லாம் வரிசையாக இருக்கும், எக்செலில் திறக்கும். அந்த வடிவில் கேட்டால் சாக்குச் சொல்ல மாட்டார்கள்.

தணிக்கை விஷயம். தயவுசெய்து மின்னிதழுக்கு அக்செஷன் நம்பர் போடாதீர்கள். போட்டால் அடுத்த வருடம் இருப்புச் சரிபார்ப்பில் 'காணவில்லை' என்று எழுத வேண்டிவரும், அப்புறம் யார் சம்பளத்தில் பிடிப்பது? சந்தா ஒரு செலவு. மின்வளப் பதிவேடு என்று தனியாக ஒரு நோட்டுப் போடுங்கள். இதழின் பெயர், இரண்டு ஐஎஸ்எஸ்என், யாரிடம் வாங்கியது, எந்த வருடம் முதல் எது வரை, நின்றால் என்ன மிஞ்சும், லைசென்ஸ் எந்தக் கோப்பில். கடைசி இரண்டு கட்டங்கள்தான் உயிர். உங்கள் முன்னவர் அவற்றை எழுதியிருந்தால் இந்த இழையே தேவைப்பட்டிருக்காது. ஐஎஸ்எஸ்என் ஏன் இரண்டும் என்றால், இதழ்கள் பெயர் மாறும், இரண்டாகப் பிரியும், பதிப்பகம் விட்டுப் பதிப்பகம் தாவும். பெயரை மட்டும் வைத்துத் தேடினால் பாதியைத் தவறவிடுவீர்கள்.

தேரடி

இழையைத் தாமதமாகப் பார்க்கிறேன். அரசுக் கல்லூரியில் பாடம் எடுக்கிறேன், வீடு திருவொற்றியூர். எங்களுக்கு 2025 ஜனவரியிலிருந்து 'ஒரே நாடு ஒரே சந்தா' வந்திருக்கிறது, அரசு நிறுவனங்களுக்கு எல்லாம் சேர்த்து ஒன்றிய அரசே இதழ்ச் சந்தா கட்டும் திட்டம். ஒன்றிய அமைச்சரவை 2024 நவம்பரில் ஒப்புதல் கொடுத்தது: மூன்று வருடத்துக்கு 6,000 கோடி ரூபாய், 30 பதிப்பகங்கள், ஏறத்தாழ 13,000 இதழ்கள். ஒன்றிய, மாநில அரசுகள் நடத்தும் உயர்கல்வி நிறுவனங்கள், ஒன்றிய அரசின் ஆராய்ச்சி நிறுவனங்கள் என்று 6,300க்கு மேல். காந்திநகரில் இருக்கிற இன்ஃப்ளிப்நெட் மையம்தான் நடத்துகிறது. எண்ணூர்ப் பொண்ணு தேடிய அந்த மரைன் பொல்யூஷன் புல்லட்டின் எல்செவியருடையது, எல்செவியர் இந்தப் பட்டியலில் இருக்கிறது.

நேர்மையாகச் சொன்னால், 13,000 இதழ் கையில் கிடைத்த முதல் மாதம் எங்கள் துறையில் யாரும் எதையும் திறக்கவில்லை. விருந்துக்குக் கூப்பிட்டு இலை போட்ட பிறகும் வாசலிலேயே நிற்கிற மாதிரி. இரண்டாம் ஆண்டு மாணவர்களை லேபில் உட்காரவைத்து, ஒரு டிஓஐ எண்ணை, அதாவது கட்டுரையின் அடையாள எண்ணைக் கொடுத்து, அதிலிருந்து கட்டுரைக்கு எப்படிப் போவது என்று காட்டினேன். ஒரு பையன், "சார், இது பத்து ரூபாய்க்கு அடிக்கிற பிரிண்ட் அவுட்டைவிட நல்லா இருக்கு" என்றான். எனக்கு அது போதும்.

வண்ணை நூலகர்

தேரடி சார், உங்களைப் பார்த்தால் வயிற்றெரிச்சலாகத்தான் இருக்கிறது. தப்பாக நினைக்காதீர்கள். உங்கள் பையனும் எங்கள் பையனும் ஒரே தெருவிலிருந்து வருகிறார்கள், ஒரே டீக்கடையில் நிற்கிறார்கள். அவன் அரசுக் கல்லூரி, 13,000 இதழ். இவன் உதவி பெறும் கல்லூரி, அந்தத் திட்டத்தில் இல்லை. எங்கள் ஆசிரியர்களுக்குச் சம்பளம் கொடுப்பதும் அரசுதான்.

எங்களுக்கு என்-லிஸ்ட் இருக்கிறது, வருடத்துக்கு 5,000 ரூபாயும் ஜிஎஸ்டியும் கட்டுகிறோம். அந்தக் காசுக்கு 6,000க்கு மேல் இதழ்களும் லட்சத்துக்கு மேல் மின்னூல்களும் என்பது பெரிய விஷயம், குறை சொன்னால் நாக்கு அழுகிவிடும். வீட்டிலிருந்தும் திறக்கலாம். ஆனால் வேதியியல்காரர் கேட்பது அதில் இல்லையே.

தண்டையார்பேட்டை 81

வீட்டிலிருந்து திறக்கலாம் என்றதும் ஒன்று நினைவு வருகிறது. லாகின்களைப் பொதுவில் ஒட்டாதீர்கள். ஒரு இடத்தில் கல்லூரி லாகினை வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிட்டார்கள். ஒரு பையன் டவுன்லோடு மேனேஜரைப் போட்டு ராத்திரி முழுக்க ஒரு இதழின் எல்லா வருடத்தையும் இறக்கினான். காலையில் பதிப்பகம் மொத்தக் கல்லூரியையும் மூடிவிட்டது. திறக்க வைப்பதற்கு மன்னிப்புக் கடிதம் எழுத வேண்டியிருந்தது. ஒவ்வொருவருக்கும் தனி லாகின் என்றால் அந்த ஒருவனை மட்டும் நிறுத்தியிருப்பார்கள்.

பழைய ராயபுரம்

இவ்வளவு கஷ்டம் எதற்கு? எல்லாக் கட்டுரையும் இந்தத் தளத்தில் சும்மா கிடைக்கிறது: [சுட்டி நீக்கப்பட்டது]

மட்டுறுத்துநர்

திருட்டுத் தளச் சுட்டிகள் இங்கே வேண்டாம். நீக்கியிருக்கிறேன். அதன் சரி தவறை விவாதிக்க வேண்டுமென்றால் தனி இழை தொடங்குங்கள்.

எண்ணூர்ப் பொண்ணு

சும்மா கிடைப்பதற்கு முறையான வழியே நிறைய இருக்கிறது அண்ணா. பூட்டிய கட்டுரையின் ஆசிரியருக்கு நான் நாலு வரி மெயில் போட்டேன். இரண்டே நாளில் பிடிஎஃப் அனுப்பி, "எண்ணூரா? உன் மாதிரிகளை எங்கே எடுத்தாய்?" என்று வேறு கேட்டார். அன்பேவால் என்று ஒரு நீட்சியைக் குரோமில் போட்டுக்கொண்டால், கட்டுரையின் இலவசப் பிரதி எங்காவது முறையாக வைக்கப்பட்டிருந்தால் ஓரத்தில் பச்சைப் பூட்டு காட்டும். கடல், மீன் சம்பந்தப்பட்டது என்றால் கொச்சியில் இருக்கிற மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் களஞ்சியம் இருக்கிறது. நிலையத்தின் பழைய அறிக்கைகள் முதல் கட்டுரைகள் வரை அதில் உண்டு, காசிமேடு பற்றியும் வரும். டிஓஏஜே என்ற இணையப் பட்டியலில் தேடினால் வருபவை எல்லாம் திறந்த இதழ்கள், யாரும் காசில்லாமல் படிக்கலாம். கரன்ட் சயின்ஸும் இலவசம்.

காசிமேட்டுக்காரன்

பேசாமல் படித்துக்கொண்டிருந்தேன், காசிமேடு என்றதும் வந்துவிட்டேன். நான் மாணவன் இல்லை. விசைப்படகு ஒன்றில் பங்கு இருக்கிறது. பிஎஸ்சி விலங்கியல் படித்தவன், பாதியில் நின்றுபோனது வேறு கதை. வலையின் கண் அளவு பற்றி, தடைக்காலம் பற்றி, அதிகாரிகள் எங்களிடம் பேசும்போது "ஆய்வு சொல்கிறது" என்பார்கள். எந்த ஆய்வு, எங்கே நடந்தது என்று கேட்டால் பேப்பர் பெயர் மட்டும் சொல்வார்கள். திறந்தால் காசு கேட்கிறது. ஒரு கட்டுரைக்குக் கேட்கிற தொகையில் எனக்கு இரண்டு நாள் ஐஸ் வாங்கலாம்.

எண்ணூர்த் தங்கச்சி சொன்ன கொச்சிக் களஞ்சியத்தை இப்போதுதான் பார்க்கிறேன். நன்றிம்மா, ராத்திரி தூக்கம் போச்சு. என் கேள்வி: கல்லூரி நூலகத்தில் என்னைப் போன்ற வெளி ஆள் உட்கார்ந்து படிக்க முடியுமா?

மூலக்கொத்தளம்

நல்ல கேள்வி. பல லைசென்ஸ்களில் 'வாக்-இன் யூசர்' என்று ஒரு வரி இருக்கும். நூலகத்துக்கு நேரில் வந்து அங்குள்ள கணினியில் உட்காருகிற வெளி ஆளும் படிக்கலாம் என்று பொருள். வீட்டிலிருந்து முடியாது, லாகினும் கொடுக்கக் கூடாது. எல்லா லைசென்ஸிலும் இருக்காது, பார்த்துத்தான் சொல்ல வேண்டும். பெரும்பாலான கல்லூரிகளில் அந்த வரி இருந்தும் வாசலில் செக்யூரிட்டி விடமாட்டார் என்பது தனி.

அம்மா, இன்னொன்று சொல்ல மறந்தேன். எதிர்காலத்தில் எதையாவது புதிதாக வாங்கும் முன் கவுண்டர் அறிக்கை கேளுங்கள். எந்த இதழ் எத்தனை முறை திறக்கப்பட்டது என்று பதிப்பகங்கள் ஒரே அளவுகோலில் கொடுக்க வேண்டிய கணக்கு. உதாரணத்துக்கு ஒரு இதழுக்கு 40,000 ரூபாய் கட்டி, வருடத்தில் எட்டே முறை திறந்திருந்தால் ஒரு முறைக்கு 5,000 ரூபாய். அதை ஒரு தாளில் எழுதிக் காட்டினால் எந்தத் துறைத்தலைவரும் வாயைத் திறக்க மாட்டார். ஆனால் எண்ணை அப்படியே நம்பாதீர்கள். ஒரே ஆள் ஒரே கட்டுரையைத் திரையில் திறந்து, பிறகு பிடிஎஃப்பும் இறக்கினால் பழைய முறையில் இரண்டாக ஏறும். 2019இல் வந்த கவுண்டரின் ஐந்தாம் பதிப்பில் அதை ஒன்றாகவே எண்ணும் 'யூனிக்' என்று தனிக் கணக்கு வைத்தார்கள், அதைப் பாருங்கள். அதைவிட எனக்குப் பிடித்தது 'மறுக்கப்பட்டவை' கணக்கு. உங்கள் பிள்ளைகள் எந்தக் கதவைத் தட்டித் திரும்பிப் போனார்கள் என்பது அதில்தான் தெரியும்.

தேரடி

முதல்வர் அலமாரிப் பெருமை பேசினார் என்றதால் ஒன்று. எனக்குத் தெரிந்த ஒரு நூலகத்தில் 1970களிலிருந்து பைண்டு செய்த ஜர்னல்கள் தரைத்தளத்தில் இருந்தன. மிக்ஜாம் தண்ணீர் நாலு நாள் நின்றது. பளபளப்புத் தாள் ஒன்றோடொன்று ஒட்டி செங்கல் மாதிரி ஆகிவிட்டது. கடைசியில் எடைக்குப் போட்டார்கள்.

பழைய ராயபுரம்

சரி சார், பதிப்பகமே மூழ்கினால்?

மூலக்கொத்தளம்

அதற்கும் ஏற்பாடு உண்டு. ஸ்டான்ஃபோர்டு நூலகத்தில் 1999இல் லாக்ஸ் என்று தொடங்கினார்கள். ஒரே இதழின் பிரதியைப் பல நூலகங்கள் தங்கள் கணினிகளில் வைத்து, ஒன்றோடொன்று ஒப்பிட்டுச் சரிபார்த்துக்கொள்ளும். போர்ட்டிகோ என்று இன்னொன்று. பதிப்பகம் கடையைக் கட்டினால் அங்கிருந்து திறந்துவிடுவார்கள். லைசென்ஸில் இந்தப் பெயர்களில் ஒன்றாவது இருக்கிறதா என்று நான் பார்ப்பேன். ராயபுரத்தாருக்கு நல்ல கேள்வி கேட்கவும் தெரிகிறது.

வண்ணை நூலகர்

பதினொரு நாள் கழித்து வருகிறேன். லைசென்ஸ் கிடைத்துவிட்டது! பட்டமளிப்பு விழா அங்கி வைக்கிற பீரோவில், அங்கிகளுக்கு அடியில், 'நாக் 2018' என்று எழுதிய கல்லூரித் தரமதிப்பீட்டுக் கோப்பில் இருந்தது. யார் அங்கே வைத்தார்கள் என்று கேட்கவே வேண்டாம்.

ஐயா சொன்னது அட்சரம் பிசகவில்லை. நிரந்தர உரிமை ஐந்து இதழுக்கு மட்டும். மற்றவை கறிவேப்பிலை. பதிப்பகத்துக்கு நேராக எழுதினேன், ஆறாம் நாள் பட்டியல் வந்தது. 81 தம்பி சொன்னதும் நடந்திருக்கிறது: அவர்களிடம் இருந்த ஐபி பழைய கம்பெனியுடையது. புதியதைக் கொடுத்தேன், நேற்று மதியம் ஐந்தும் திறந்தன. வேதியியல்காரரின் 2019 கட்டுரை? அது அந்த ஐந்தில் இல்லை. எண்ணூர்த் தங்கச்சி வழியில் ஆசிரியருக்கு மெயில் போடச் சொன்னேன். "நான் போய்க் கேட்பதா?" என்றார். நானே அவர் பெயரில் எழுதிக் கொடுத்திருக்கிறேன், அனுப்பினாரா தெரியவில்லை.

என்-லிஸ்ட் மெயில் ஐடிகளை வகுப்பு வகுப்பாகப் போய்ச் சரிபார்க்கிறேன். முதல் வகுப்பிலேயே பதினாலு பேருக்கு ஒரே பிரவுசிங் சென்டர் ஐடி.

காசிமேட்டு அண்ணா, இந்த லைசென்ஸில் வாக்-இன் வரி இருக்கிறது. ஐந்தில் ஒன்று சூழலியல். முதல்வரிடம் பேசிவிட்டேன், புதன்கிழமை மதியம் இரண்டு மணிக்கு மேல் வரலாம். ஆதாரோ வேறு அடையாள அட்டையோ கொண்டு வாருங்கள், வாசலில் என் பெயரைச் சொல்ல வேண்டாம், 'லைப்ரரிக்கு' என்றால் போதும்.

காசிமேட்டுக்காரன்

புதன் கடலுக்குப் போக வேண்டியது. வியாழன் முடியுமா மேடம்?